தோற்ற களத்தின் புகழ்

ஆண்டுதோறும் ஜூன் மாதம் 28ஆம் தேதியன்று, பால்கன் பிரதேசத்தில் பிரிஸ்டினா நகருக்குச் சில மைல் தூரத்திலுள்ள காஸிமெஸ்தான் என்னும் மேட்டில் ஸெர்பியர்கள் கூடுகின்றனர். குருமார் தூபமிட்டு இறந்தோருக்கான ஜபங்களை ஓதுகின்றனர். 1389ஆம் வருஷத்தில் அம்மேட்டைச் சுற்றிய சமவெளியில் நடந்த ஒரு யுத்தத்தில் மடிந்தவர்களை நினைப்பதற்காகவே இக்கூட்டம். ஜயித்த யுத்தமன்று, தோற்ற யுத்தம். ஜயஸ்தம்பம் நாட்டாத ராஜ்யம் உலகில் இல்லை. ஆனால் அபஜயத்தை அஸ்திவாரமாக இட்டு அதன்மேல் தன் வாழ்வையே எழுப்பிக்கொண்ட ஜனசமூகம் என்று சொல்லத் தக்கவற்றுள் ஸெர்பியரே முதன்மையானவர். இது பழங்கதை என்று தள்ளிவிடத் தக்கதும் அன்று. அந்தச் சமவெளி அடங்கிய கொஸோவோ 2008ஆம் வருஷம் பிப்ரவரி 17ஆம் தேதி தன்னைச் சுதந்திர நாடென்று பிரகடனம் செய்தது. ஸெர்பியா அதை ஏற்கவில்லை. அமெரிக்கா, பிரிட்டன் முதலியவை ஏற்றன. ருஷ்யாவும் சீனாவும் ஏற்கவில்லை. நமது இந்திய சர்க்காரும் அங்கீகாரம் அளிக்கவில்லை. இவ்வழக்கின் வேர் எங்கே இருக்கிறது என்று தோண்டிப் பார்ப்பவர், 1389ஆம் வருஷத்து மண்ணைத் தொடாமல் திரும்ப முடியாது.

முதலில் நடந்தது இன்னதென்று பார்ப்போம். ஒருபுறம் துருக்க ஸுல்தான் முதலாம் முராத். மறுபுறம் ஸெர்பியப் பிரபு லாஸார், அவருடைய மருமகன் வூக் பிராங்கோவிச், போஸ்னியா மன்னன் த்வர்த்கோ அனுப்பிய துணைப்படை. பாடல்கள் லாஸாரைச் சக்கரவர்த்தி என்கின்றன. உண்மையில் அவர் சக்கரவர்த்தியல்லர். சிதறிப்போன ஒரு சாம்ராஜ்யத்தின் துண்டுகளை ஆண்ட பிரபுக்களுள் சற்றுப் பெரியவர், அவ்வளவே. 1346இல் முடிசூடிய ஸ்டெபான் துஷானே சக்கரவர்த்தி. அவர் 1355இல் மாண்டதும் ராஜ்யம் பங்காளிச் சண்டைக்கு இரையாயிற்று. கொஸோவோக் களத்தில் ஸுல்தானும் இறந்தார், லாஸாரும் இறந்தார். ஸுல்தானை ஒரு ஸெர்பிய வீரன் குத்திக் கொன்றான்; லாஸார் சிறைப்பட்டுச் சிரச்சேதம் செய்யப்பட்டார். முராத்தின் குமாரன் பயஸீத், தகப்பனாருடைய பிணம் ஆறுமுன்னே தன் உடன்பிறந்தான் யாகூபைக் கொல்வித்துத் தன் பட்டத்தை உறுதிசெய்துகொண்டு, படையைத் திருப்பிக்கொண்டு போய்விட்டான்.

இதில் தோற்றவர் யார்? அக்காலத்தவருக்கே இது விளங்கவில்லை. போஸ்னியா மன்னன் த்வர்த்கோ, தான் வெற்றிபெற்றதாகவே ட்ரோகிர் நகரத்தாருக்கும் பிளாரன்ஸ் நகரத்தாருக்கும் நிருபம் எழுதினார். பிளாரன்ஸ் குடியரசு அவ்வருஷம் அக்டோபர் மாதத்தில் அவருக்கு வாழ்த்துரை விடுத்தது. ஸுல்தானின் கூடாரம் வரையில் ஊடறுத்துச் சென்ற பன்னிரண்டு வீரர்களை அக்கடிதம் புகழ்கிறது. கிறிஸ்தவ ஐரோப்பா முதலில் கேட்டது வெற்றிச் செய்தியே. தோல்வி என்னும் உண்மை மெதுவாகத்தான் தெரியலாயிற்று. துருக்கருக்குக் கிழக்கே இன்னும் படை இருந்தது. ஸெர்பியருக்கு எஞ்சியது விதவைகளும் சிறுவர்களுமே. லாஸாரின் மனைவி மிலிட்ஸா கப்பம் கட்ட ஒப்பினாள். தன் மகள் ஒலிவேராவைப் பயஸீதுக்கே மணமுடித்துக் கொடுத்தாள். ஆயினும் ஸெர்பிய ராஜ்யம் அன்றே அழிந்துவிடவில்லை. கப்பம் கட்டியும் கட்டாமலும் மேலும் 70 வருஷம் உயிரோடிருந்து, 1459இல் ஸ்மெதெரெவோ கோட்டை விழுந்தபோதுதான் முடிந்தது.

சரித்திரக்காரர் பலர் ஒரு விஷயத்தில் ஒற்றுமையாக இருக்கிறார்கள். பால்கனில் துருக்கருக்குக் கதவைத் திறந்துவிட்ட யுத்தம் கொஸோவோ அன்று. அதற்கு 18 வருஷம் முந்தி, 1371ஆம் வருஷம் ஸெப்டம்பரில், மரித்ஸா நதிக்கரையில் நடந்ததே அந்த யுத்தம். வூகாஷின் மன்னனும் அவன் தம்பி உக்லியேஷாவும் தங்கள் ஸைன்யத்தோடு அங்கே மாண்டார்கள். சேதத்தின் அளவால் புகழ் அமையுமானால் இன்றைக்கு ஸெர்பியக் குழந்தைகள் மரித்ஸாவையல்லவா பாட வேண்டும்? அங்கேயும் மன்னர் இறந்தனர், ஸைன்யம் அழிந்தது. இருந்தும் அக்களத்துக்குப் பெரும் பாட்டு இல்லை, திருநாள் இல்லை, பட்டங்களும் பதக்கங்களும் இல்லை. மாறாக, வூகாஷின் தன் எஜமானனாகிய உரோஷ் சக்கரவர்த்தியைக் கொன்றவன் என்று ஒரு பொய்ப்பழியை ஜனங்கள் அவன்மேல் ஏற்றினர். அந்த உரோஷ் வூகாஷினுக்குப் பின்னும் சில வாரங்கள் உயிரோடிருந்தவன்!

தோல்வி மட்டும் கதையாகாது என்பது இதிலிருந்து தெரிகிறது. வேறு என்ன வேண்டும்? நமது பழைய இலக்கியம் அறிந்தவர்களுக்கு இக்கேள்வி புதிதன்று. கரிகாலனோடு வெண்ணிப் பறந்தலையில் பொருத சேரமான் பெருஞ்சேரலாதன், முதுகிற்பட்ட புண்ணுக்கு நாணி வடக்கிருந்து உயிர்நீத்தான். வென்ற கரிகாலனுடைய முகத்துக்கு நேரே, உன்னைவிட அவனல்லவோ நல்லவன் என்று கேட்டவர் வெண்ணிக் குயத்தியார். வென்றவன் ஊரிலேயே, அவனுடைய பிரஜையாகிய ஒரு பெண்மணியின் வாயால், தோற்றவனுக்குப் புகழ் விதிக்கப்பட்டுவிட்டது. இரு மன்னரும் ஒரே களத்தில் வீழ்ந்த செய்தியும் புறநானூற்றில் உண்டு. சேரமான் குடக்கோ நெடுஞ்சேரலாதனையும் அவனோடு பொருது மாண்ட சோழனையும் கழாத்தலையாரும் பரணரும் பாடியிருக்கின்றனர். தோற்றவன் தன் மரணத்தைத் தானே தேர்ந்துகொண்டான் என்று சொல்லக்கூடியதாக இருக்க வேண்டும். அதைச் சொல்வதற்கு ஒரு வாய் இருக்க வேண்டும். வெண்ணியில் இரண்டும் அமைந்தன. கொஸோவோவிலும் அமைந்தன.

அங்கே முதலில் வாய் திறந்தவை மடங்கள். லாஸார் கட்டிய ராவனிட்ஸா மடத்தில் அவருடைய சரீரம் அடக்கம் செய்யப்பட்டது. மரணமடைந்த சில வருஷங்களுக்குள்ளேயே திருச்சபை அவரைப் புனிதர் வரிசையில் சேர்த்துவிட்டது. இதில் பக்தி எவ்வளவோ அவ்வளவு ராஜதந்திரமும் உண்டு. மிலிட்ஸாவின் குமாரன் ஸ்டெபான் சிறுவன், உறவினர்களே போட்டியாளர்கள். தகப்பன் தோற்றுப்போன பிரபு என்றால் மகனுக்கு என்ன மதிப்பு? தகப்பன் தர்மத்துக்காக உயிர்கொடுத்த புனிதர் என்றாலோ, மகனை எதிர்ப்பதே பாவமாகிவிடும். துறவுபூண்ட யெபீமியா என்னும் பெருமாட்டி, லாஸாரின் திருவுடலை மூடுவதற்கென்று 1402ஆம் வருஷத்தை ஒட்டிப் பட்டுத் துணியில் பொன்னிழையால் ஒரு துதியைத் தைத்தளித்தாள். தன் பிள்ளைகளைக் காத்தருள வேண்டுமென்று அதில் லாஸாரை வேண்டுகிறாள். இந்த யெபீமியா யார்? மரித்ஸாவில் மாண்ட உக்லியேஷாவின் மனைவி! தன் கணவன் விழுந்த களத்துக்கு இல்லாத பெருமையை மற்றொருவன் விழுந்த களத்துக்குத் தன் கையாலேயே அவள் தேடிக்கொடுத்தாள். மரித்ஸாவில் இறந்தவர்களுக்குப் பின்னால் அவர்கள் புகழைத் தேவையாகக் கொண்ட அரண்மனை இல்லை. லாஸாருக்குப் பின்னால் இருந்தது.

இனி, கதைக்கு ஒரு துரோகி வேண்டும். துரோகி இல்லாத தோல்வியை ஜனங்களால் சகிக்க முடிவதில்லை. நாம் பலவீனராயிருந்தோம், எதிரி பலவானாயிருந்தான் என்று ஒப்புவதைக் காட்டிலும், நம்மவன் ஒருவன் காட்டிக்கொடுத்தான் என்பது மனத்துக்கு இதமானது. ஸெர்பியர் அதற்குத் தேர்ந்த ஆள் வூக் பிராங்கோவிச். சமர் மும்முரமாக நடக்கையில் மாமனாரைக் கைவிட்டுத் தன் படையோடு விலகிப்போனான் என்பது அவன்மேல் சாட்டப்பட்ட குற்றம். இவ்வழக்கில் ஆதாரத்தைச் சற்றுப் பரிசீலிப்போம். யுத்தம் நடந்த தலைமுறையில் எழுதப்பட்ட எதிலும் இக்குற்றச்சாட்டு அவன் பெயரோடு காணப்படவில்லை. அதை ஊரறியச் செய்தது 1601இல் அச்சிடப்பட்ட ஒரு புஸ்தகம். ரகூஸா நகரத்துத் துறவி மவ்ரோ ஓர்பினி இத்தாலிய மொழியில் எழுதியது. சம்பவத்துக்கும் சாட்சியத்துக்கும் இடையே 212 வருஷம்! எந்த மாஜிஸ்டிரேட் இதை ஏற்பார்?

பிராங்கோவிச்சின் பிற்கால நடத்தையோ குற்றச்சாட்டுக்கு நேர் விரோதமாயிருக்கிறது. லாஸாரின் குடும்பம் ஸுல்தானுக்குப் பணிந்த பிறகும் அவன் எளிதில் பணியவில்லை. 1396இல் பயஸீத் அவனுடைய நாட்டைப் பறித்தான். மறு வருஷம் துருக்கர் சிறையில் அவன் இறந்தான். அதே 1396இல் நிக்கோபோலிஸ் களத்தில் ஐரோப்பியச் சிலுவைப் படையைத் துருக்கர் முறியடித்தபோது, பயஸீதுக்காகப் போரிட்டு வெற்றிக்குத் துணைநின்றவன் யார் என்று கேட்டால், அது ஸ்டெபான் லாஸாரெவிச்; புனித லாஸாரின் சொந்தக் குமாரன். 1402இல் அங்காராவில் தைமூர் பயஸீதைச் சிறைப்பிடித்தபோதும் ஸ்டெபான் கடைசி வரையில் பயஸீதுக்காகவே வாள் சுழற்றினான். சிறையில் மாண்டவன் துரோகி. ஸுல்தானுக்குப் படை நடத்தியவன் புனிதருடைய புத்திரன். லாஸாரின் வம்சத்தாருக்கும் பிராங்கோவிச் வம்சத்தாருக்கும் பின்னாளில் இருந்த பகை இத்தீர்ப்பை எழுதியிருக்கலாம் என்று அறிஞர் கருதுகின்றனர். ஸ்டெபானை நாம் குறைகூறவில்லை. சிறிய ராஜ்யத்தின் தலைவன் பெரியவனோடு எப்படிக் காலந்தள்ளுவானோ அப்படித் தள்ளினான். ஆனால் பிராங்கோவிச்சின் பெயர் இன்றளவும் அந்நாட்டில் வசைச்சொல்லாயிருப்பது பெருங்கொடுமை. அப்பீல் செய்ய அவனுக்கு ஆளில்லை.

ஸுல்தானைக் கொன்றவனுடைய பெயரும் இப்படித்தான் வளர்ந்தது. முதலில் பெயரில்லாத ஒரு வீரன். 15ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் எழுதப்பட்ட ஸ்டெபானின் சரித்திரத்தில், பொறாமைக்காரரால் தூற்றப்பட்டுத் தன் விசுவாசத்தை நிரூபிக்கச் சென்ற ஒரு பிரபு. அந்நூற்றாண்டின் இறுதியில் மிலோஷ் என்னும் பெயர் அவனுக்கு அமைகிறது. அதன்மேல் யுத்தத்துக்கு முந்தின இரவு விருந்து வருகிறது: லாஸார் கிண்ணத்தை உயர்த்தி மிலோஷைத் துரோகியெனச் சந்தேகிக்கிறார், அவன், நாளைக் களத்தில் தெரியும் என்கிறான். கிறிஸ்துநாதரின் கடைசிப் போஜனமும் யூதாஸும் இதில் நிழலாடுவதைக் கிறிஸ்தவ வேதம் படித்த எவரும் அறிவர். ஒரு பாட்டிலோ எருசலேமிலிருந்து ஒரு பறவை பறந்துவந்து, மண்ணுலக ராஜ்யம் வேண்டுமா, விண்ணுலக ராஜ்யம் வேண்டுமா என்று லாஸாரைக் கேட்கிறது. அவர் விண்ணையே கேட்டுப் பெற்று, மண்ணில் மடியச் சித்தமாகிறார். இந்தக் கற்பனை எவ்வளவு நுட்பமானது என்பதைக் கவனிக்க வேண்டும். இதன்படி கொஸோவோவில் தோல்வியே நிகழவில்லை. லாஸார் கேட்டது கிடைத்தது.

ஆட்சியிழந்த குடியானவனுக்கு இதைவிடப் பெரிய ஆறுதல் எது? துருக்கர் ஆட்சியில் வரி கொடுக்கும் கிறிஸ்தவக் குடிகளுக்கு ராயா என்று பெயர். நமது ஜில்லாக்களில் வழங்கும் ரயத்து என்ற சொல்லும் அதே அரபி மூலத்தினின்று வந்ததுதான். அந்த ராயாவின் பிள்ளைகளுள் சிலரை ஸுல்தானின் ஆட்கள் பிடித்துக்கொண்டுபோய் மதம் மாற்றிப் படைவீரராக்கினர். பள்ளிக்கூடம் இல்லை, அச்சுக்கூடம் இல்லை, தம்மவரென்று சொல்லிக்கொள்ள அரசனும் இல்லை. இருந்தது குஸ்லே என்னும் வாத்தியம்; குதிரைமயிரால் ஆன ஒற்றைத் தந்தியும் ஒரு வில்லும் கொண்டது. பெரும்பாலும் குருடர்களே அதை மீட்டி ஊர் ஊராகப் பாடிச் சென்றனர். உடுக்கடிப் பாட்டும் வில்லுப்பாட்டும் கேட்டு வளர்ந்த நம் கிராமவாசிகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. கஜானா சுமந்து செல்ல முடியாத தூரத்துக்குப் பாட்டு போகும். 1690இல் ஆயிரக்கணக்கான குடும்பங்கள் துருக்கருக்கு அஞ்சி டான்யூப் நதிக்கு வடக்கே குடிபெயர்ந்தபோது, லாஸாரின் எலும்புகளையும் உடன் எடுத்துச் சென்றனர். பாட்டும் கூடவே போயிற்று.

அதை அச்சில் ஏற்றியவர் வூக் கராஜிச். கால் ஊனமுற்றவர், ஏழைக் குடியானவர் வீட்டுப் பிள்ளை, பெரும்பாலும் தாமே முயன்று படித்தவர். 1804இல் துருக்கருக்கு விரோதமாக மூண்ட கலகத்தில் குமாஸ்தாவாயிருந்து, அது முறிந்த பின்னர் வியன்னாவுக்குத் தப்பியோடி, 1814இல் முதல் தொகுதியை வெளியிட்டார். மேற்சொன்ன பறவையின் பாட்டு, ஸ்ரேம் பிரதேசத்தைச் சேர்ந்த ஒரு குருட்டுப் பாடகியிடமிருந்து எழுதிக்கொள்ளப்பட்டதாகும். ஜெர்மன் அறிஞர் யாகோப் கிரிம் இப்பாடல்களைக் கண்டு வியந்து, கராஜிச்சின் இலக்கணத்தையே ஜெர்மனியில் மொழிபெயர்த்தார். கதே மகாகவி அவரைத் தம் இல்லத்தில் வரவேற்றார். ஐரோப்பாவின் வித்வான்கள் மெச்சியதும், அந்நாட்டில் படித்தவர்களுக்கும் தம் பாட்டி பாடிய பாட்டின்மேல் மதிப்பு வந்தது. வெளியான் மெச்சினால்தான் வீட்டுச் சரக்குக்கு விலை என்பது எல்லா அடிமை நாட்டுக்கும் பொதுவான வியாதி போலும்!

இதுவரையில் கதை வலியற்றவர்களுடைய உடைமையாயிருந்தது. இதற்குப் பிறகு அது சர்க்காருடைய உடைமையாயிற்று. அங்கேதான் நமக்கு விசாரம் உண்டாகிறது. 1847இல் மாண்டனீக்ரோவின் ஆட்சியாளரும் பெருங்கவியுமான நியேகோஷ் வெளியிட்ட காவியத்தில் மிலோஷ் ஆதர்ச புருஷன். ஆனால் அக்காவியத்தில் வாளுக்கு இரையாகிறவர்கள் அந்நியத் துருக்கரல்லர்; இஸ்லாத்தைத் தழுவிய சொந்த மொழிக்காரர், சொந்த ரத்தத்தார். 1878இல் ஸெர்பியா பூரண சுதந்திரம் பெற்றது. 1889இல் 500ஆவது ஆண்டுவிழா கொண்டாடி, லாஸாரின் தலைநகராயிருந்த குருஷேவாட்சில் ஞாபகச் சின்னத்துக்கு அடிக்கல் நாட்டினர். 1912இல் பால்கன் யுத்தத்தில் ஸெர்பிய ஸைன்யம் கொஸோவோ சமவெளியைப் பிடித்தது. ஐந்து நூற்றாண்டுக் கனவு பலித்தது. ஆனால் கனவில் இருந்த கொஸோவோ வேறு, நிலத்தில் இருந்த கொஸோவோ வேறு. அங்கே பெருந்தொகையாக வசித்தவர்கள் அல்பேனியர். அவர்களுடைய கிராமங்கள் கொளுத்தப்பட்டதையும் ஜனங்கள் கொலையுண்டதையும் கார்னெகி ஸ்தாபனம் நியமித்த கமிஷன் 1914இல் அறிக்கையாக வெளியிட்டிருக்கிறது.

இவ்விடத்தில் ஸெர்பியரான திமித்ரியே துத்ஸோவிச் என்பவரின் பெயரை நாம் மரியாதையோடு குறிப்பிட வேண்டும். அபேதவாதக் கட்சித் தலைவர். அந்த யுத்தத்தில் ராணுவ சேவை செய்து, நடந்ததைக் கண்ணால் பார்த்தவர். 1914இல் ஸெர்பியாவையும் அல்பேனியாவையும் பற்றி ஒரு நூல் எழுதி, நம் சர்க்கார் அடிமையை மீட்கவில்லை, புதிய அடிமைகளைத் தேடியது என்னும் கருத்தைத் தம் சொந்த ஜனங்களுக்கு எடுத்துரைத்தார். தேசத்துரோகி என்று பெயர் கேட்கவும் அவர் அஞ்சவில்லை. அவ்வருஷம் நவம்பரில், ஆஸ்திரியர் படையெடுத்தபோது, அதே தேசத்துக்காகக் கொலுபாரா களத்தில் போரிட்டு உயிர்நீத்தார். நமது அபிப்பிராயத்தில் மிலோஷுக்கு வைத்த சிலைகளுள் ஒன்றையாவது இவருக்கு வைத்தால் தகும்.

1914ஆம் வருஷத்து ஜூன் 28ஐப் பற்றி அதிகம் எழுத வேண்டியதில்லை. ஆஸ்திரிய இளவரசர் அந்தத் திருநாளன்று ஸராயேவோ நகரில் பவனி வந்தார், 19 வயதுள்ள கவ்ரிலோ பிரின்ஸிப் சுட்டான், உலகம் பற்றியெரிந்தது. (அந்த ஜூன் 28 என்பதே பஞ்சாங்கத்தின் விளையாட்டு. யுத்தம் நடந்தது பழைய கணக்கில் ஜூன் 15. இப்போதைய கணக்கை 1389க்கே பின்னோக்கிச் செலுத்தினால் ஜூன் 23தான் வரும். நூற்றாண்டுகள் ஏற ஏற இரு பஞ்சாங்கங்களுக்கும் இடைவெளி அகன்று, நாள் 28க்கு நகர்ந்துவிட்டது. கதை நகரும்போது தேதி நகரக் கூடாதா?)

அந்த மகாயுத்தத்தின் நடுவே நிகழ்ந்த ஒரு சம்பவம் நமது நேயர்களுக்கு ரஸமாயிருக்கும். 1916ஆம் வருஷம் ஜூன் மாதத்தில் பிரிட்டனில் 'கொஸோவோ தினம்' கொண்டாடினார்கள். தோற்றும் மனந்தளராத சிறிய தேசத்தின் பெருமையைப் பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டினார்கள். நல்ல காரியமே. ஆனால் அதற்கு முந்தின மாதத்தில்தான், டப்ளின் நகரில் ஈஸ்டர் கிளர்ச்சி செய்து தோற்ற ஐரிஷ் தலைவர்களை அதே பிரிட்டிஷார் வரிசையாக நிறுத்திச் சுட்டிருந்தனர். அதே வருஷத்தில் சென்னையில் அன்னி பெஸண்ட் அம்மையாரின் 'நியூ இந்தியா' பத்திரிகை சுயராஜ்யம் பேசிய குற்றத்துக்காக ஜாமீன் கட்டி, அதையும் பறிகொடுத்தது. சிறிய தேசங்களின் வீரம் துருக்கருக்கு விரோதமாயிருந்தால் பாடத்திட்டம். தமக்கு விரோதமாயிருந்தால் ராஜத்துரோகம். டப்ளினில் பட்ட அந்தக் குண்டுகளே, ஒரு வாரத்தில் அடங்கிப்போன கிளர்ச்சியை ஐரிஷ் ஜனங்களின் கொஸோவோவாக மாற்றிவிட்டன என்பதைப் பிரிட்டிஷ் மந்திரிமார் காலங்கடந்துதான் உணர்ந்தார்கள்.

1918இல் யுகோஸ்லாவியா உருவாகி நிலைபெற்ற பிறகு, 1921இல் அந்நாட்டு அரசியல் சட்டத்தையும் ஜூன் 28ஆம் தேதியிலேயே நிறைவேற்றினார்கள். டிட்டோவின் ஆட்சியில் கதை சற்று அடங்கியிருந்தது. அதை எழுப்பியவர் ஸ்லோபோதான் மிலோஷெவிச். 1988லும் 1989லும் லாஸாரின் எலும்புகள் மடம் மடமாக ஊர்வலம் வந்தன. 1989 மார்ச்சில் கொஸோவோவின் சுயாட்சி பறிக்கப்பட்டது. ஜூன் 28ஆம் தேதி, 600ஆவது ஆண்டு நிறைவன்று, காஸிமெஸ்தானில் லட்சக்கணக்கான ஜனங்கள் முன்னிலையில் மிலோஷெவிச் பேசினார். அப்பேச்சை முழுவதும் படித்தால், பெரும்பகுதி ஒற்றுமையையும் பொருளாதாரத்தையும் பற்றியதே என்பதை நியாயமாக ஒப்ப வேண்டும். ஆனால் நடுவே, நாம் மீண்டும் போராட்டங்களின் நடுவில் இருக்கிறோம், அவை ஆயுதப் போராட்டங்களல்ல, எனினும் அவையும் வரமாட்டா என்று சொல்வதற்கில்லை என்னும் கருத்துப்பட ஒரு வாக்கியம் வருகிறது. ஜனங்கள் வீட்டுக்கு எடுத்துச் சென்றது அந்த வாக்கியத்தைத்தான்.

இரண்டு வருஷத்தில் யுகோஸ்லாவியா உடைந்தது. 1995ஆம் வருஷம் ஜூலை 11ஆம் தேதி ஸ்ரெப்ரெனிட்ஸா ஊருக்குள் நுழைந்த ஸெர்பியத் தளபதி ரட்கோ ம்லாடிச், துருக்கரைப் பழிவாங்கும் வேளை வந்துவிட்டதென்று காமிராவின் முன் நின்று சொன்னார். தொடர்ந்த சில நாட்களில் 8,000க்கு மேற்பட்ட முஸ்லிம் ஆண்களும் சிறுவர்களும் கொல்லப்பட்டனர். சர்வதேச நீதிமன்றங்கள் இதை இனப்படுகொலை என்று தீர்ப்பளித்திருக்கின்றன. மாண்டவர்களில் துருக்கர் ஒருவராவது உண்டா? எல்லோரும் ம்லாடிச் பேசிய மொழியையே பேசியவர்கள். லாஸாருக்குத் துணைப்படை அனுப்பிய போஸ்னியாவின் மக்கள். பாட்டில் இருந்த எதிரி அகப்படாதபோது, பக்கத்து வீட்டுக்காரனுக்கு அவன் வேஷத்தைக் கட்டிச் சுட்டார்கள். 1999இல் கொஸோவோவில் 8 லட்சத்துக்கு மேற்பட்ட அல்பேனியர் எல்லைக்கு வெளியே துரத்தப்பட்டனர். நேட்டோ வல்லரசுகள் விமானம் ஏற்றி 78 நாள் குண்டு வீசின. அல்பேனியர் திரும்பினர். இப்போது ஸெர்பியரும் ஜிப்ஸிகளும் ஓட வேண்டியதாயிற்று. 2004 மார்ச்சில் நடந்த கலகத்தில் பழைமையான மாதாகோயில்கள் கொளுத்தப்பட்டன. மிலோஷெவிச்சை விசாரணைக்கு ஹேக் நகருக்கு அனுப்பிய நாளும், 2001ஆம் வருஷம் ஜூன் 28.

தோற்ற யுத்தத்தைப் பாடுவது தவறா என்று நமது வாலிப நண்பர்கள் கேட்கலாம். 1857ஐயும் பாஞ்சாலங்குறிச்சியையும் பாடி வளர்ந்த நாம் அவ்வாறு சொல்ல முடியாது, சொல்லவும் மாட்டோம். தலை நிமிர வழியில்லாத ராயாவுக்கு 400 வருஷம் முதுகெலும்பாய் நின்றது அந்தப் பாட்டு. குருட்டுப் பாடகியின் வாயில் அது யாருக்கும் தீங்கு செய்யவில்லை. ஆனால் அதே பாட்டை ராணுவமும் போலீஸும் கஜானாவும் கையிலுள்ள மந்திரி பாடும்போது பொருள் வேறாகிவிடுகிறது. ஒடுக்கப்பட்டவன் சொல்லும்போது, நான் இன்னும் சாகவில்லை என்பது அதன் பொருள். ஒடுக்கும் நிலையை அடைந்தவன் சொல்லும்போது, எனக்கு இன்னும் பாக்கி வர வேண்டியிருக்கிறது என்பதே பொருள். பழிவாங்கும் கடனுக்குக் காலாவதிச் சட்டம் கிடையாது போலும். 600 வருஷத்துப் புரோநோட்டை எடுத்துக்கொண்டு, கடன்பட்டவனுக்குச் சம்பந்தமே இல்லாத ஒருவன் வாசலில் வந்து நிற்கிறார்கள். சுயராஜ்யம் பெற்ற நாட்டார் தாங்கள் பாடிய பழைய பாட்டுக்களை அடிக்கடி எடுத்து, இப்போது இதில் எதிரி என்று யாரை நினைத்துப் பாடுகிறோம் என்று கேட்டுக்கொள்வது அவசியம். இக்கேள்வியை ஸெர்பியாவில் துத்ஸோவிச் கேட்டார். கேட்டவர் இன்னும் பத்துப்பேர் இருந்திருந்தால் என்ன ஆயிருக்கும் என்று நாம் ஏங்குகிறோம்.

சட்டத்தின் நிலை என்ன? கொஸோவோவின் பிரகடனம் சர்வதேச சட்டத்துக்கு விரோதமன்று என்று ஹேக் நகரத்துச் சர்வதேச நீதிமன்றம் 2010ஆம் வருஷம் ஜூலை 22ஆம் தேதி, பத்துக்கு நால்வர் என்னும் பெரும்பான்மையால் அபிப்பிராயம் கூறியது. கொஸோவோ தனி ராஜ்யமா, அல்லவா என்ற கேள்விக்கு அது விடை சொல்லவில்லை. தன்னைக் கேட்கவில்லை என்று ஒதுங்கிக்கொண்டது. வக்கீல்களுக்கு இத்தகைய ஒதுக்கம் பழக்கமானதே. 2013இல் இரு தரப்பாரும் பிரஸ்ஸெல்ஸ் நகரில் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டனர்; 2023 ஸெப்டம்பரில் பான்ஸ்கா கிராமத்தில் ஆயுதந்தாங்கிய ஸெர்பியர்களுக்கும் கொஸோவோ போலீஸாருக்கும் மோதல் நிகழ்ந்து உயிர்ச்சேதம் உண்டாயிற்று. ஆயுதந்தாங்கியோர் புகுந்துகொண்டது அங்குள்ள 14ஆம் நூற்றாண்டு மடத்தில்.

அந்தச் சமவெளியில் இன்று மூன்று தரப்பாருக்கும் ஞாபகார்த்தம் உண்டு. காஸிமெஸ்தான் மேட்டில் 1953இல் எழுப்பப்பட்ட கற்கோபுரம் ஸெர்பியருடையது. யுத்தத்துக்கு வராதவன் பயிரும் வம்சமும் பாழாகட்டும் என்று லாஸார் இட்டதாகச் சொல்லும் சாபம் அதில் பொறிக்கப்பட்டிருக்கிறது. 2010இல் நேட்டோ படையினர் அதன் காவலைக் கொஸோவோ போலீஸிடம், அதாவது பெரும்பாலும் அல்பேனியரிடம், ஒப்புவித்தனர். சற்றுத் தூரத்தில் முராத்தின் சமாதி. அவர் உடல் புர்ஸா நகருக்குக் கொண்டுசெல்லப்பட்டது; குடல் மட்டும் இங்கே அடங்கியிருக்கிறது. துருக்கருக்கு அவர் தர்மயுத்தத்தில் உயிர்நீத்த தியாகி. 1911இல் ஸுல்தான் மெஹ்மத் ரஷாத் நேரில் வந்து இங்கே தொழுகை நடத்தினார். அல்பேனியரோ, லாஸாரின் படையில் தம் முன்னோரும் இருந்தனர், ஸுல்தானைக் குத்தியவனே தங்களவன் என்று தங்கள் மொழியில் பாடுகின்றனர். களத்துக்கு அருகில் ஒபிலிச் என்று மிலோஷின் பெயரால் வழங்கிய ஓர் ஊர் உண்டு. நிலக்கரி எரித்து மின்சாரம் எடுக்கும் இரண்டு பெரிய நிலையங்கள் அங்கே புகைந்துகொண்டிருக்கின்றன. கொஸோவோ சர்க்கார் அவ்வூரின் பெயரைக் கஸ்திரியோத் என்று மாற்றிவிட்டது. அதுவும் துருக்கரை எதிர்த்துப் போரிட்ட ஒரு வீரனுடைய பெயர்தான், அல்பேனிய வீரன்.